ஹெட்லி வெரிட்டி, கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

போரில் இறந்த கிரிக்கெட் வீரர்கள் என்று பேச்சு வந்தால் முதலில் வரும் பெயர் இரண்டாம் உலகப் போரில் உயிரிழந்த இங்கிலாந்தின் இடதுகை சுழல் பந்துவீச்சாளர் ஹெட்லி வெரிட்டி. அவரைப் பற்றி எனக்கு மூன்று சந்தேகங்கள். ஒன்று, ராணுவத்தில் அவர் கேப்டன் என்கிறார்களே, அது நம் தோனிக்குக் கொடுத்த லெஃப்டினன்ட் கர்னல் பதவி மாதிரி ஒரு மரியாதையா, இல்லை நிஜமாகவே ஆட்களை வைத்துப் போர் நடத்தினாரா? இரண்டு, 10 ரன்னுக்கு 10 விக்கெட் எடுத்தவர் என்று சொன்னால் என் நண்பர் சிரிக்கிறார். மழையில் நனைந்த பிட்சில் யார் போட்டாலும் விக்கெட் விழும், பிட்சை மூடி வைக்கும் இந்தக் காலத்தில் வெரிட்டியை யாரும் ஏலத்தில் எடுக்க மாட்டார்கள் என்கிறார். மூன்று, களத்திலேயே சுட்டுக் கொல்லப்பட்டார் என்று ஓரிடத்திலும், ஆஸ்பத்திரியில் இறந்தார் என்று இன்னோரிடத்திலும் படித்தேன். எது சரி?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

உங்கள் நண்பரிடமிருந்தே ஆரம்பிக்கலாம். அவர் சொல்வதில் பாதி உண்மை இருக்கிறது. பாதி உண்மையைத்தான் பதில் சொல்லித் தீர்க்க வேண்டியிருக்கிறது.

1930களில் கவுண்டி ஆட்டம் (இங்கிலாந்தின் மாவட்ட அணிகள் மோதும் ஆட்டம்) தொடங்கிவிட்டால் பிட்சை மூடும் வழக்கம் கிடையாது. மழை பெய்தால் பிட்ச் நனையும், அவ்வளவுதான். ஆனால் நனைந்த பிட்ச் எல்லாம் ஆபத்தான பிட்ச் அல்ல. நன்றாக ஊறிய பிட்சில் பந்து வழுக்கிக்கொண்டு மெதுவாக வரும். பந்தும் ஈரமாகிவிடுவதால் விரலில் பிடிபடாது. பந்து போடுபவர் முன்காலை ஊன்றும் இடம் சறுக்கும். அந்த நேரத்தில் சிரமப்படுவது பந்துவீச்சாளர்தான். வெயில் அடிக்க ஆரம்பித்ததும் நிலைமை தலைகீழாகும். மேல்பரப்பு காய்ந்து ஆடை கட்டும், அடியில் மண் இளகியே இருக்கும். பந்து அந்த ஆடையைக் குத்திக்கொண்டு இறங்கி, பிடிப்புக் கிடைத்ததும் வெடுக்கென்று எழும்பித் திரும்பும். ஒரே இடத்தில் விழும் இரண்டு பந்துகளில் ஒன்று மார்புக்கு வரும், மற்றது முழங்காலுக்கு வரும். ஸ்டிக்கி விக்கெட் என்பது இதுதான். இது நீடிப்பதும் கொஞ்ச நேரம்தான். அடிமண்ணும் காய்ந்துவிட்டால் பிட்ச் மறுபடி சாதுவாகிவிடும். ஆகவே அந்த இடைவெளி எப்போது வரும் என்று கணித்து, அந்த நேரத்தில் பந்தைக் கையில் வைத்திருப்பது தனி வித்தை.

இப்போது 1932 ஜூலை 12, ஹெடிங்லி மைதானம். முதல் இன்னிங்ஸில் நாட்டிங்காம்ஷயர் 234. வெரிட்டியின் அணியான யார்க்ஷயர் 9 விக்கெட்டுக்கு 163 எடுத்திருந்த நிலையில், 71 ரன் பின்தங்கியிருந்தும் டிக்ளேர் செய்தது. காரணம் இடிமழை. கடைசி விக்கெட்டை வைத்துக்கொண்டு பத்து ரன் சேர்ப்பதைவிட, பிட்ச் கெட்டிருக்கும்போதே எதிரணியை ஆடவிடுவது லாபம். ஆனால் உணவு இடைவேளையில் நாட்டிங்காம்ஷயர் விக்கெட் இழப்பின்றி 38. நண்பர் சொல்வதுபோல் யார் போட்டாலும் விழும் என்றால் காலையிலேயே விழுந்திருக்க வேண்டும். இடைவேளைக்குப் பிறகு அடுத்த 29 ரன்னுக்குள் பத்துப் பேரும் போனார்கள். மொத்தம் 67. வெரிட்டியின் கணக்கு 19.4 ஓவர், 16 மெய்டன் (ரன்னே கொடுக்காத ஓவர்), 10 ரன், 10 விக்கெட், நடுவே ஒரு ஹாட்ரிக். கடைசி ஏழு விக்கெட்டுகள் 15 பந்துகளில், 3 ரன்னுக்கு.

நண்பருக்குக் காட்ட வேண்டியது இந்த வரியை அல்ல, அதற்குப் பக்கத்து வரியை. மறுமுனையில் பந்து போட்டவர் ஜார்ஜ் மெக்காலே. ஈரமான பிட்சில் இங்கிலாந்திலேயே அஞ்சத்தக்க பந்துவீச்சாளர்களில் ஒருவர். அவருடைய கணக்கு 23 ஓவர், 9 மெய்டன், 34 ரன், விக்கெட் இல்லை. அதே பிட்ச், அதே வெயில், அதே மட்டையாளர்கள்.

இன்னொன்றும் கவனிக்கலாம். பத்துப் பேரில் எட்டுப் பேர் கேட்ச், ஒருவர் எல்பிடபிள்யூ, ஒருவர் ஸ்டம்பிங். ஒருவர்கூடப் போல்டு ஆகவில்லை. இதில்தான் அவருடைய தொழில்நுட்பம் இருக்கிறது.

இடதுகை சுழல் பந்து வலதுகை மட்டையாளரிடமிருந்து விலகித் திரும்பும். ஸ்டிக்கி விக்கெட்டில் அது அளவுக்கு மீறித் திரும்பும், சிக்கலே அதுதான். ஒரு சாண் திரும்பினால் மட்டையின் விளிம்பையும் தாண்டிப் போய் விக்கெட் கீப்பரிடம் விழும். பார்வையாளர்கள் கை தட்டுவார்கள், ஸ்கோர்புக்கில் ஒன்றும் ஏறாது. பந்து திரும்புவதைப் பார்த்த உற்சாகத்தில் பல சுழல் பந்துவீச்சாளர்கள் செய்யும் தவறு இன்னும் அதிகமாகத் திருப்பப் பார்ப்பது. அடுத்த தவறு, எழும்பும் பந்தின் ஆசையில் லெங்த்தை, அதாவது பந்து விழும் தூரத்தைக் குறைப்பது. குட்டையாக விழும் பந்து எவ்வளவு திரும்பினாலும் மட்டையாளர் பின்னால் போய், அது எங்கே போகிறது என்று பார்த்துவிட்டு விட்டுவிடலாம். மூன்றாவது, காற்றில் மெதுவாக விடுவது. காலை எட்டி வைத்துப் பந்து விழும் இடத்துக்கே வந்து அடித்துவிடுவார்கள்.

வெரிட்டி இந்த மூன்றுக்கும் எதிர்த்திசையில் போனார். சுழல் பந்துவீச்சாளருக்கு அவர் வேகம் அதிகம். கையை நன்றாக உயர்த்தி வீசுவார். லெக் ஸ்டம்பை நோக்கி ஆரம்பிக்கும் பந்து, மட்டையாளர் முன்னால் வந்தே தீர வேண்டிய லெங்த், விளிம்பைத் தொடும் அளவுக்கு மட்டும் திருப்பம். மட்டையாளர் ஆட வேண்டும், ஆடினால் கேட்ச் போக வேண்டும். ஸ்லிப், கல்லி, சில்லி பாயிண்ட் என்று மட்டையைச் சுற்றி ஆட்கள். யார்க்ஷயர் அந்தக் காலத்தில் இந்த இடங்களுக்கென்றே ஆட்களைத் தயாரித்து வைத்திருந்தது. நடுவே திரும்பாமல் உள்ளே வரும் ஒரு வேகப் பந்து. அதை அவர் சிக்கனமாகத்தான் செலவழிப்பார்.

வேகத்துக்குக் காரணம் உண்டு. லங்காஷயர் லீக்குகளில் அவர் நடுத்தர வேகத்தில் போட்டுக்கொண்டிருந்தவர். யார்க்ஷயரில் வில்ஃப்ரெட் ரோட்ஸ் ஓய்வு பெறும் காலம் நெருங்கியது. அந்த இடம் இடதுகை சுழலுக்கு மட்டும்தான் என்பதால் தன்னைச் சுழலுக்கு மாற்றிக்கொண்டார். டெட் பீட், பாபி பீல், ரோட்ஸ் என்று வரும் வரிசை அது. 1930இல் யார்க்ஷயருக்கு முதல் ஆட்டம் ஆடும்போது வயது 25. இன்றைய கணக்கில் தாமதம். அதற்குப் பிறகு கிடைத்தது பத்துப் பருவங்கள்தான். அதில் ஏழு முறை யார்க்ஷயர் சாம்பியன். முதல்தர ஆட்டங்களில் மொத்தம் 1,956 விக்கெட், சராசரி 14.90. 1935, 1936, 1937 மூன்று ஆண்டுகளும் 200ஐத் தாண்டினார்.

மழை இல்லாவிட்டால் என்ன செய்வார் என்ற கேள்விக்கு 1934 லார்ட்ஸ் டெஸ்டை இரண்டாகப் பிரித்துப் பார்க்கச் சொல்லுங்கள். அந்த ஆட்டத்தில் அவர் 104 ரன்னுக்கு 15 விக்கெட். அதில் 14 விக்கெட்டுகள் ஜூன் 25 திங்கள் ஒரே நாளில், 80 ரன்னுக்கு விழுந்தவை. வார இறுதியில் பெய்த மழை அதற்கு உதவியது, மறுக்க முடியாது. ஃபாலோ ஆனை, அதாவது உடனே மறுபடி மட்டை பிடிக்க வேண்டி வருவதைத் தவிர்க்க 291 தேவைப்பட்ட ஆஸ்திரேலியா 284இல் சுருண்டது. அந்த ஏழு ரன் கிடைத்திருந்தால் இங்கிலாந்து மறுபடி ஆட வேண்டியிருந்திருக்கும், பிட்சும் காய்ந்திருக்கும். ஆனால் மிச்சமுள்ள ஒரு விக்கெட் சனிக்கிழமை, காய்ந்த பிட்சில் விழுந்தது. வெரிட்டியே பிடித்த அந்த கேட்ச் டான் பிராட்மனுடையது, 36 ரன். திங்களன்று இரண்டாம் முறையும் பிராட்மனை எடுத்தார். டெஸ்டில் பிராட்மனை எட்டு முறை ஆட்டமிழக்கச் செய்திருக்கிறார். வேறு யாரும் அத்தனை முறை செய்ததில்லை. எட்டு முறையும் மழை வந்து உதவியது என்று சொல்ல உங்கள் நண்பருக்கே வாய் வராது.

நமக்கு அருகில் வேண்டுமென்றால் சேப்பாக்கம். 1934 பிப்ரவரியில் அங்கே நடந்த முதல் டெஸ்டில் வெரிட்டி 49 ரன்னுக்கு 7, இரண்டாம் இன்னிங்ஸில் 104க்கு 4. பிப்ரவரி மாதத்துச் சென்னையில் ஸ்டிக்கி விக்கெட்டை யாரும் எதிர்பார்க்கப் போவதில்லை. அதே ஆட்டத்தில் நம் அமர் சிங் 86க்கு 7 எடுத்தார். இந்தியா 202 ரன்னில் தோற்றதால் அதை மறந்துவிட்டோம், அது வேறு விஷயம். தென்னாப்பிரிக்காவின் டர்பனில் 1939 மார்ச்சில் பத்து நாள் நடந்தும் முடியாத டெஸ்டில் வெரிட்டி 766 பந்துகள் வீசினார். உருட்டி இறுக்கிய அந்தப் பிட்சில் விக்கெட் அதிகம் வரவில்லை. டெஸ்டில் அவர் ஓவருக்குக் கொடுத்தது சராசரியாக இரண்டு ரன்னுக்கும் குறைவு. உதவி இல்லாத இடத்தில் அவருடைய வேலை அடைப்பது. ஐபிஎல் ஏலத்தில் அதற்கு விலை இருக்கிறது என்றே தோன்றுகிறது.

அடி வாங்கியதே இல்லையா என்றால், 1935இல் ஷெஃபீல்டில் தென்னாப்பிரிக்காவின் ஜாக் கேமரன் அவருடைய ஒரே ஓவரில் மூன்று ஃபோர், மூன்று சிக்ஸர் என்று 30 ரன் எடுத்தார். விக்கெட் கீப்பர் ஆர்தர் வுட் வெரிட்டியிடம் வந்து, அவர் குழம்பிப்போயிருக்கிறார், உன்னை நாலுக்கு அடிப்பதா ஆறுக்கு அடிப்பதா என்று தெரியாமல் திண்டாடுகிறார் என்று தேற்றினாராம்.

இனி ராணுவம். கௌரவப் பதவி இல்லை. தோனிக்கு 2011இல் டெரிட்டோரியல் ஆர்மி அளித்த பதவி, ஆட்டத்தில் சாதித்ததற்கான மரியாதை. முழுநேர ராணுவ அதிகாரியாக இருந்துகொண்டு டெஸ்ட் ஆடியவர் வேண்டுமென்றால் நம் ஊரில் லெஃப்டினன்ட் கர்னல் ஹேமு அதிகாரி. 1971இல் இங்கிலாந்தில் தொடரை வென்ற அணியின் மேலாளர் அவர்தான். வெரிட்டி இந்த இரண்டு வகையிலும் சேர மாட்டார். தொழில்முறை ஆட்டக்காரர், போருக்காக அதிகாரியானவர்.

அதுவும் போர் வந்தபின் அழைத்தார்கள் என்று போனவர் இல்லை. 1938இல், செக்கோஸ்லோவாக்கியாவை ஹிட்லர் மிரட்டிய மியூனிக் நெருக்கடியின்போதே கிரீன் ஹோவர்ட்ஸ் என்ற காலாட்படை ரெஜிமெண்டின் லெஃப்டினன்ட் கர்னல் ஆர்னால்ட் ஷாவிடம், போர் வந்தால் எப்படிச் சேருவது என்று விசாரித்தார். ஷா ராணுவப் பயிற்சிப் புத்தகங்களைக் கொடுத்தார். அந்தக் குளிர்காலத்தில் தென்னாப்பிரிக்கா போனபோது வெரிட்டி அவற்றைக் கையோடு கொண்டுபோய்ப் படித்தார். டர்பனில் அந்த 766 பந்துகளை வீசியது இதே பயணத்தில்தான்.

காலாட்படை அதிகாரி படிக்க வேண்டியது வீரக் கதை அல்ல, கணக்கும் வரிசையும். அன்றைய பிரிட்டிஷ் அமைப்பில் ஒரு செக்ஷனுக்குப் பத்துப் பேர், ஒரு பிரென் இயந்திரத் துப்பாக்கி. மூன்று செக்ஷன்களும் ஒரு சின்னத் தலைமைக் குழுவும் சேர்ந்தால் 37 பேர் கொண்ட பிளட்டூன். மூன்று பிளட்டூன்களுக்கு ஒரு கம்பெனி, ஏறத்தாழ 120 பேர். தாக்குதலின் அடிப்படைப் பாடம் ஒன்றுதான். ஒரு பகுதி நின்று சுட்டு எதிரியின் தலையைக் கவிழ்த்து வைக்க வேண்டும், அந்த நேரத்தில் இன்னொரு பகுதி நகர வேண்டும். இரண்டும் ஒரே நேரத்தில் நகர்ந்தால் இரண்டும் அழியும். இதை இருட்டில், தெரியாத நிலத்தில், பீரங்கியின் கால அட்டவணைக்கு ஏற்பச் செய்ய வேண்டும். போரும் கிரிக்கெட்டும் ஒன்று, ஃபீல்டு வைப்பதும் பிளட்டூன் வைப்பதும் ஒன்று என்று உருக்கமாக எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அதில் சம்மதமில்லை. ஸ்லிப்பில் நிற்பவர் கேட்சை விட்டால் அடுத்த பந்து இருக்கிறது.

பாதுகாப்பான இடமும் அவருக்குக் கிடைத்திருக்கும். பல ஆட்டக்காரர்களை ராணுவம் உடற்பயிற்சி ஆசிரியர்களாக எடுத்துக்கொண்டது. சக யார்க்ஷயர் வீரர் லென் ஹட்டன் அப்படித்தான் போனார். (அங்கேயும் 1941இல் பயிற்சியின்போது கை உடைந்து, இடது கை குட்டையாகி, பிறகு அந்தக் கையோடு ஆடினார். பாதுகாப்பு என்பதற்கு இவ்வளவுதான் உத்தரவாதம்.) வெரிட்டி காலாட்படையில் அதிகாரியாக நியமனம் பெற்றார்.

அவருடைய வாழ்க்கையில் எனக்கு முக்கியமாகப் படுவது இங்கேதான் இருக்கிறது. இங்கிலாந்துக் கிரிக்கெட்டில் அன்று இரண்டு ஜாதி. சம்பளத்துக்கு ஆடும் தொழில்முறை ஆட்டக்காரர் ஒன்று, சம்பளம் வாங்காத கனவான் இன்னொன்று. லார்ட்ஸ் போன்ற மைதானங்களில் இருவருக்கும் தனித்தனி உடைமாற்றும் அறை, களத்துக்குள் வரத் தனித்தனி வாசல். அச்சடித்த ஸ்கோர் அட்டையில்கூட இனிஷியல் போடும் இடம் வேறு. அணித்தலைவர் பதவி கனவானுக்குத்தான். வெரிட்டி ஆட்டத்தைப் படித்த அளவுக்குப் படித்தவர்கள் அந்தத் தலைமுறையில் குறைவு. ஆனால் நிலக்கரி வியாபாரியின் மகன், தொழில்முறை ஆட்டக்காரர். 40 டெஸ்டில் 144 விக்கெட் எடுத்தும் இங்கிலாந்துக்குத் தலைமை தாங்குவது பற்றிப் பேச்சே எழவில்லை. வாலி ஹாமண்ட் 1938இல் தலைவரானதுகூட, தொழில்முறையிலிருந்து விலகிக் கனவானாகப் பதிவு செய்துகொண்ட பிறகுதான். தொழில்முறை ஆட்டக்காரராகவே ஹட்டன் தலைமை ஏற்க 1952 ஆக வேண்டியிருந்தது. இந்தப் பிரிவினையே 1962இல்தான் ஒழிந்தது.

கிரீன் ஹோவர்ட்ஸின் முதல் பட்டாலியனில் (பல கம்பெனிகள் சேர்ந்தது பட்டாலியன்) வெரிட்டியோடு இன்னொரு யார்க்ஷயர் ஆட்டக்காரரும் அதிகாரி. நார்மன் யார்ட்லி. கேம்பிரிட்ஜ் படிப்பு, கனவான் வகை, வெரிட்டியைவிட பத்து வயது இளையவர், போருக்குப் பின் இங்கிலாந்து அணித்தலைவர். கிரிக்கெட்டில் இருவருக்கும் வெவ்வேறு எதிர்காலம் எழுதி வைத்திருந்தது. பட்டாலியனில் இருவரும் ஒரே மெஸ்ஸில் சாப்பிட்டார்கள். கிரிக்கெட் பத்தாண்டு தராததை ராணுவம் மூன்றாண்டில் தந்தது, அதாவது 120 பேரை நடத்தும் பொறுப்பை. விலை என்ன என்பது தெரிந்ததுதான், ஆனால் அவர் அதைத் தெரியாமல் வாங்கவில்லை.

பட்டாலியன் 1942இல் இந்தியா வந்து ராஞ்சியில் முகாமிட்டது. சேப்பாக்கத்தில் ஆடியவர் எட்டாண்டு கழித்துச் சீருடையில் இங்கே திரும்பி வந்து, வயிற்றுக்கடுப்பில் படுத்தார். அந்தக் காலத்தில் பிரிட்டிஷ் பட்டாலியன்களை இங்கே குண்டைவிட வயிறுதான் அதிகம் வீழ்த்தியது. பிறகு பாரசீகம், எகிப்து. 1943 ஜூலை 10இல் சிசிலியில் நேசப்படைகள் இறங்கியபோது வெரிட்டி பி கம்பெனியின் தளபதி. வழக்கமாக ஒரு மேஜர் பார்க்கும் வேலை அது.

ஜூலை 19 இரவு, கட்டானியா சமவெளி. பெயருக்கேற்ற சமவெளி, மறைய மேடு பள்ளம் கிடையாது. முற்றிய தானியப் பயிர் மட்டும்தான் மறைப்பு. ஜெர்மானியர்கள் ரயில் பாதைக் கரையிலும் பண்ணை வீடுகளிலும் துப்பாக்கிகளை வைத்திருந்தார்கள். இப்படிப்பட்ட தாக்குதலில் காலாட்படை தன் பீரங்கிக் குண்டுகள் விழும் வரிசைக்குப் பின்னாலேயே ஒட்டிப் போக வேண்டும். குண்டுவீச்சு முன்னே நகர்ந்துவிட்டு, ஆட்கள் பின்தங்கினால், பதுங்கியிருந்தவர்கள் தலை நிமிர்த்தித் துப்பாக்கிக்கு வந்துவிடுவார்கள். அன்று இரு பக்கமிருந்தும் சுட்டார்கள். ஒளிவிடும் குண்டுகள் காய்ந்த பயிரில் தீ மூட்டின. மறைப்பாக இருந்த பயிர் வெளிச்சமாகிவிட்டது. வெரிட்டி படித்ததைத்தான் செய்தார். ஒரு பகுதியைச் சுட்டுக்கொண்டிருக்கச் சொல்லிவிட்டு, இன்னொரு பகுதியைக் குறிப்பிட்ட ஒரு பண்ணை வீட்டை நோக்கி அனுப்பினார். அப்போது மார்பில் குண்டு பாய்ந்தது. தொடர்ந்து போய் அந்த வீட்டைப் பிடிக்கும்படி சொன்னார். தாக்குதல் நிற்கவில்லை, வெற்றியும் பெறவில்லை. பின்வாங்கும்போது அவரைத் தூக்கிவர வழியில்லை. அவருடைய உதவியாள் சிப்பாய் கூடவே தங்கி, இருவரும் ஜெர்மானியரிடம் பிடிபட்டார்கள்.

உங்கள் மூன்றாவது கேள்விக்குப் பதில் இதிலிருந்துதான். அவர் களத்தில் சாகவில்லை. ஜெர்மானியரின் கள மருத்துவமனையில் அவசர சிகிச்சை கிடைத்தது. பிறகு கடல் தாண்டி இத்தாலிக்கும், அங்கிருந்து ரயிலில் வடக்கே நேப்பிள்ஸுக்கும் கஸெர்ட்டாவுக்கும் கொண்டுபோனார்கள். நுரையீரலை அழுத்திக்கொண்டிருந்த விலா எலும்பின் ஒரு பகுதியை எடுக்க அறுவை சிகிச்சை நடந்தது. அதன் பிறகு ரத்தப்போக்கு. ஜூலை 31 அன்று இறந்தார், வயது 38. மார்புக் காயத்தோடு பல நாள் வண்டியிலும் படகிலும் அலைக்கழிந்தவருக்கு, நோய்த்தொற்றுக்கு நம்பகமான மருந்து எளிதில் கிடைக்காத காலத்தில், பிழைக்கும் வாய்ப்பு குறைவு.

குழப்பம் ஏன் வந்தது என்றால், ஊருக்கு முதலில் போன தகவல் காயம்பட்டுக் காணாமல் போனார் என்பதுதான். இறந்த செய்தி 1943 செப்டம்பர் 1 அன்றுதான் வெளியானது. அவருடைய கடைசி முதல்தர ஆட்டம் முடிந்தது 1939 செப்டம்பர் 1, ஜெர்மனி போலந்துக்குள் நுழைந்த நாள். ஹோவ் மைதானத்தில் சஸெக்ஸை 33க்குச் சுருட்டினார்கள். வெரிட்டி 6 ஓவர், 1 மெய்டன், 9 ரன், 7 விக்கெட். அதுவும் மழைக்குப் பின் காய்ந்துகொண்டிருந்த பிட்ச்தான், உங்கள் நண்பர் முந்திக்கொள்வதற்குள் சொல்லிவிடுகிறேன்.

பதவியை நீங்களே சரிபார்க்க விரும்பினால் காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் இணையப் பதிவேட்டில் கஸெர்ட்டா போர்க் கல்லறையைத் தேடுங்கள். ரெஜிமெண்ட் பெயரைத் தேடும்போது மட்டும் கவனம் வேண்டும். கிரீன் ஹோவர்ட்ஸ் 2006இல் வேறு ரெஜிமெண்டுகளோடு இணைக்கப்பட்டு யார்க்ஷயர் ரெஜிமெண்ட் ஆகிவிட்டது. வெரிட்டியின் பதிவு பழைய பெயரில்தான் இருக்கும்.